ஐஸ்லாந்தில் 33 இல்லை, 30

ஆசிரியர் அவர்களுக்கு,

சென்ற ஞாயிறு மகளிர் பக்கத்தில் "ஐரோப்பாவில் பெண்கள் பெரும்பான்மை பெற்ற முதல் நாடாளுமன்றம் ஐஸ்லாந்துடையது" என்று ஒரு வரி வந்திருக்கிறது. அப்படி ஒரு நாடாளுமன்றம் அங்கே கூடவே இல்லை ஐயா. 2021 செப்டம்பர் 25 தேர்தலில் 63 இடங்களில் 33 பெண்கள் என்று முதலில் அறிவித்தது உண்மைதான். மறுநாளே வடமேற்குத் தொகுதியில் திரும்ப எண்ணினார்கள், கொஞ்சம் வாக்குகள் மாறின, நாடு முழுவதும் கட்சிகள் பெற்ற மொத்த வாக்குக்கு ஏற்ப இடங்களைச் சரிக்கட்டத் தனியாகச் சில இடங்கள் வைத்திருக்கும் முறை அது என்பதால் மற்ற தொகுதிகளிலும் ஆள் மாறி, ஐந்து பேர் வெளியே போய் ஐந்து பேர் உள்ளே வந்தார்கள். பெண்கள் 30. நாட்டிலேயே இளைய உறுப்பினர் ஆகிவிட்டதாகச் சொல்லப்பட்ட 21 வயதுப் பெண்ணும் சில மணி நேரத்தில் இடத்தை இழந்தார். இதெல்லாம் உங்களுக்குத் தெரியாததா?

33 என்பதை அன்று முதல் பக்கத்தில் போட்டீர்கள். 30 என்பதை எந்தப் பக்கத்திலும் காணோம், இரங்கல் விளம்பரம் வரை படிக்கிறவள் நான்.

அப்போது நான் பணியில் இருந்தேன். கொரோனாவால் மூடிய பள்ளி மறுபடி திறந்திருந்த நேரம். உங்கள் செய்தியை வெட்டி ஒன்பதாம் வகுப்புப் பலகையில் ஒட்டி, பிள்ளைகளுக்கு அவ்வளவு ஆசையாகச் சொன்னேன். நாலு நாள் கழித்து ஒருத்தி வந்து "டீச்சர், முப்பதுதானாமே" என்றாள். வகுப்பின் முன் நின்று திருத்திச் சொன்னேன். உங்களுக்கும் ஒரு அஞ்சலட்டை போட்டேன், பதில் இல்லை. அதற்கு முன்பும் இப்படித்தான், விக்டிஸ் படத்தின் கீழே "ஐஸ்லாந்தின் முதல் பெண் பிரதமர்" என்று வந்தது. அவர் 1980இல் மக்கள் வாக்களித்துத் தேர்ந்தெடுத்த அதிபர். பிரதமர் பதவிக்கு ஒரு பெண் வந்தது 2009இல்தான். அதற்கும் எழுதினேன்.

உள்ளாட்சித் தேர்தல்களில் வாக்குச்சாவடிப் பணி பார்த்தவள் நான். பெட்டிக்கு அரக்கு முத்திரை வைத்து ஒப்படைக்கும் வரை பச்சைத் தண்ணீர் குடிக்க மாட்டோம். ஐஸ்லாந்தில் அந்த வடமேற்குத் தொகுதி வாக்குகளை எண்ணிய போர்கார்னெஸ் ஊரில் இரண்டு எண்ணிக்கைக்கும் நடுவே வாக்குச்சீட்டுகள் முத்திரை இல்லாமல் கிடந்திருக்கின்றன, எந்த எண்ணிக்கை செல்லும் என்பதை வென்றதாகச் சொல்லப்பட்டவர்களே நவம்பரில் நாடாளுமன்றத்தில் உட்கார்ந்து முடிவு செய்தார்கள், அது சரியல்ல என்று 2024இல் ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றம் தீர்ப்பும் சொல்லிவிட்டது. எழுதவேண்டிய செய்தி இதுவல்லவா? வாசிக்கிறவர்களுக்கு 33 போதும் என்று நினைத்துவிட்டீர்களே, அதுதான் மனதை அறுக்கிறது.

வரும் ஞாயிறு அதே மகளிர் பக்கத்தில், கண்ணுக்குத் தெரியும் எழுத்தில், 33 அல்ல 30 என்று ஒரு வரி போடுங்கள். போதும்.

ஓய்வுபெற்ற ஆசிரியை,
மன்னார்குடி