ரவிக்கு, பெங்களூரிலிருந்து

அன்புள்ள ரவி,

எட்டு மாதமாக ஒரு வரிகூட எழுதவில்லை. திட்டுவதாக இருந்தால் திட்டிக்கொள், பதில் மட்டும் போட்டுவிடு. இங்கே எல்லாரும் சௌக்கியம். அம்மாவுக்கு முட்டிவலி அப்படியேதான். குண்டு சீனு போன மாதம் வந்திருந்தான். அதே பழைய பாட்டைப் பாடினான், அதே இடத்தில் சுருதி விட்டான். உன்னைத்தான் நினைத்துக்கொண்டோம்.

சரி, விஷயம் இதுதான். நித்யாவுக்கு இந்த வருடத்தோடு பி.காம். முடிகிறது. வேலை தேடப் போவதில்லையாம். முழுநேரமாக பில்லியர்ட்ஸும் ஸ்னூக்கரும் ஆடப் போகிறாளாம். ஒன்றில்லை, இரண்டும்! ஞாயிற்றுக்கிழமை சாப்பிட உட்கார்ந்ததும் சொன்னாள். சாரதா பேசாமல் எழுந்து அடுப்படிக்குப் போய்விட்டாள். எனக்கு அன்று ராத்திரி முழுக்கத் தூக்கமில்லை.

வாயைத் திறந்தால் அவளுக்கு பங்கஜ் அத்வானிதான். நானும் அவர் கதையை முதலிலிருந்து படித்தேன். அண்ணன் ஆடுவதை வேடிக்கை பார்க்கப் போய்த் தானும் க்யூவை, அதுதான் பந்தடிக்கிற அந்த நீளக் கோலை, பிடித்தவர். இதே பெங்களூரில் அரவிந்த் சாவூரிடம் கற்றுக்கொண்டு, 2003-ல் சீனாவில் உலக அமெச்சூர் ஸ்னூக்கர் பட்டம் வாங்கியபோது வயது 18. 2005-ல் மால்டாவில் பில்லியர்ட்ஸ்: நேரம் வைத்து ஆடுவது, புள்ளி வைத்து ஆடுவது, இரண்டிலும் உலகப் பட்டம். 2024-ல் தோஹாவில் வாங்கியது 28-வது. இதெல்லாம் நித்யாவுக்கு மனப்பாடம்.

என்னை உலுக்கியது வேறு. 2012-ல் இங்கிலாந்துக்குப் போய்த் தொழில்முறை ஸ்னூக்கரில் சேர்ந்தார். அடுத்த ஆண்டே வெல்ஷ் ஓபனில் காலிறுதி. பெரிய பணமெல்லாம் அங்கேதான். ஆனால் 2014-ல் விட்டுவிட்டு ஊருக்கே வந்துவிட்டார். அங்கே இருந்தால் வீடும் இல்லை, பில்லியர்ட்ஸும் இல்லை. அதே ஆண்டு லீட்ஸில் பில்லியர்ட்ஸின் இரண்டு உலகப் பட்டங்களையும் மறுபடி வாங்கினார். முதலில் எனக்குக் கோபம்தான் வந்தது. அவ்வளவு தூரம் போனவர் விடலாமா?

அப்புறம் புதன்கிழமை நித்யா பயிற்சி செய்வதைப் போய்ப் பார்த்தேன். பில்லியர்ட்ஸ் டேபிளில் ஒரே அடியை ஒன்றரை மணி நேரம் அடித்தாள். வெள்ளைப் பந்து சிவப்பை உரசிவிட்டு நடுப் பாக்கெட்டில் விழ வேண்டும். சிவப்பு டேபிளின் மேல்கோடி விளிம்பில் போய் மோதி, கிளம்பிய இடத்துக்கே திரும்பி வர வேண்டும். விழுந்தால் மூன்று புள்ளி. சிவப்பு நாலு விரற்கடை தள்ளி நின்றால், பந்து விழுந்தும் முகம் சுளிக்கிறாள். பிறகு பக்கத்து ஸ்னூக்கர் டேபிளுக்குப் போனாள். அங்கே வெள்ளை விழுந்தால் ஃபௌல், எதிராளிக்குக் குறைந்தது நாலு புள்ளி! ஒன்றரை மணி நேரம் கைக்கு ஊட்டிய பழக்கத்தை, ஒரு டம்ளர் தண்ணீர் குடிக்கிற நேரத்தில் அதே கை மறக்க வேண்டும். கட்டைவிரலெல்லாம் க்யூ முனையில் தேய்க்கிற நீலச் சாக்பீஸ் பொடி. திரும்பி என்னைப் பார்க்கவே இல்லை. இந்த இரண்டையும் ஒரே கையில் வைத்திருந்த மனிதர் ஒன்றை விட மனசில்லாமல்தான் திரும்பினார் என்று அப்போது புரிந்தது. எனக்கு அவர்மேல் இருந்த கோபம் போயே போய்விட்டது.

பயம் போகவில்லை, ரவி. அவர் 2006 தோஹா, 2010 குவாங்சோ, இரண்டு ஆசிய விளையாட்டிலும் பில்லியர்ட்ஸ் தங்கம் வாங்கினார். அடுத்த மூன்று ஆசிய விளையாட்டிலும் க்யூ ஆட்டங்களே கிடையாது. தங்கம் வாங்கியவரின் ஆட்டத்துக்கே இதுதான் கதி. ஆனால் அவருக்கு ஓ.என்.ஜி.சி.யில் வேலை இருந்தது. நித்யாவுக்கு என்ன இருக்கிறது? போட்டிக்குப் போன நாட்களுக்குக் கல்லூரியில் வருகைப்பதிவுகூடத் தரவில்லை. என் ஓய்வூதியத்தில் எத்தனை வருடம் தாங்குவேன்?

நீ ஹாக்கி ஆடி ஸ்போர்ட்ஸ் கோட்டாவில் வேலைக்குச் சேர்ந்தவன். காலையில் மைதானம், பகலில் லெட்ஜர், முட்டி உடைந்த வருடம், எல்லாம் பார்த்தவன். அதை அவளிடம் அப்படியே சொல். எனக்காகத் தடுக்கவும் வேண்டாம், அவளுக்காக இனிப்பாகச் சொல்லவும் வேண்டாம். அவள் ஆட வேண்டும் என்றுதான் எனக்கும் ஆசை. சாரதாவிடம் இதை இன்னும் சொல்லவில்லை.

ஞாயிறு காலை பத்து மணிக்குப் போன் செய். அவளையே எடுக்கச் சொல்கிறேன்.

உன்,
மூர்த்தி