டெல்லி கணேஷ் சாருக்கு

அன்புள்ள டெல்லி கணேஷ் சார்,

2024 நவம்பரில் நீங்கள் காலமான அன்று என் போனில் வந்து விழுந்ததெல்லாம் மைக்கேல் மதன காமராஜன் படத்தில் நீங்கள் நடித்த சமையல்காரர் மணி ஐயர்தான். தப்பில்லை. வல்லநாட்டில் பிறந்த மனிதர் பாலக்காட்டுத் தமிழை அப்படிப் பேசியதும், சாம்பாரில் மீன் விழும் அந்தக் கல்யாணச் சமையலும் யாருக்குத்தான் மறக்கும்? ஆனால் 400 படங்களுக்கு மேல் நடித்தவரை 'காமெடி ஐயர்' என்று ஒரே வார்த்தையில் முடித்துவிடுவது எனக்கு ஒப்பவே இல்லை, அதைச் சொல்லத்தான் இந்தக் கடிதம்.

சிந்து பைரவி படத்தில் நீங்கள் நடித்த மிருதங்க வித்வான் குருமூர்த்தியை எடுத்துக்கொள்ளுங்கள். குடித்துவிட்டுக் கச்சேரிக்கு வந்த அவரைப் பாடகர் ஜேகேபி, அதாவது சிவகுமார், திருப்பி அனுப்பிவிட்டு மிருதங்கமே இல்லாமல் பாடுகிறார். எல்லோரும் சிவகுமாரின் வைராக்கியத்தைப் பேசுவார்கள். தப்பு தன் மேல்தான் என்று தெரிந்த ஒரு வித்வானின் கூச்சத்தை நீங்கள் அங்கே கொண்டுவராமல் இருந்திருந்தால், பின்னால் அதே ஜேகேபி குடியில் விழும்போது நமக்கு அவ்வளவு வலித்திருக்காது.

நாயகனிலும் அப்படித்தான். அதில் நீங்கள் ஐயர். இந்தி தெரியாத கமலின் வேலு நாயக்கருக்கும் எதிரில் இருப்பவர்களுக்கும் நடுவில் நின்று, இவர் பேசுவதை அவர்களுக்கும் அவர்கள் பேசுவதை இவருக்கும் சொல்ல வேண்டும், இரண்டு பக்கமும் கோபம் ஏற ஏற நடுவில் நிற்பவருக்குத்தான் நடுக்கம். நாயக்கர் எவ்வளவு பெரிய ஆள் என்பது ஐயர் முகத்தைப் பார்த்துத்தான் எனக்குப் புரிந்தது.

இதெல்லாம் மேடை கொடுத்த பயிற்சி என்றுதான் நினைக்கிறேன். 1964-லிருந்து பத்து வருஷம் விமானப்படை, டெல்லியில் தட்சிண பாரத நாடக சபா, அப்புறம் சென்னையில் காத்தாடி ராமமூர்த்தி குழு. விசுவின் நாடகம் 1977-ல் பட்டினப்பிரவேசமாகப் படமானபோதுதான் பாலசந்தர் உங்களைத் திரைக்குக் கொண்டுவந்தார், பெயருக்கு முன்னால் டெல்லியும் சேர்ந்தது. மேடையில் அடுத்தவர் வசனம் பேசும்போது சும்மா நிற்க முடியாது, காது கொடுத்துக் கேட்டாக வேண்டும். அந்தக் கேட்கிற பழக்கத்தை கேமரா முன்னாலும், சீரியலிலும் நீங்கள் விடவில்லை. எழுபது வயதில், சென்னையில் பேட்மேன் பிறந்திருந்தால் எப்படி இருக்கும் என்று பசங்க எடுத்த யூடியூப் வீடியோவில்கூட பேட்மேனின் வீட்டுப் பணியாளர் ஆல்ஃபிரட்டாக வந்து, கமல் படத்துக்குக் கொடுத்த அதே கவனத்தைக் கொடுத்தீர்கள் சார். அது எனக்கு ரொம்பப் பெரிய விஷயம்.

உங்களை மணி ஐயராக மட்டும் தெரிந்தவர்களிடம் இப்போதெல்லாம் 1979-ல் வந்த பசியைத்தான் முதலில் பார்க்கச் சொல்கிறேன். ஷோபாவின் அப்பாவாக, குடிசையில் வாழும் ரிக்‌ஷாக்காரராக வருகிறீர்களே, மாநில அரசின் சிறப்புப் பரிசு வாங்கித் தந்த வேஷம், அதில் அக்ரஹாரத்தின் வாடையே இருக்காது.

அன்புடன்,
உங்கள் ரசிகன்