மியாவுலியாவுக்குள் நம் படகு தண்ணீரில் இறங்க வேண்டும்

அன்புடையீர்,

ஜூன் கடைசியில் மியாவுலியா, கடற்படைத் தலைவர் மியாவுலிஸ் நினைவாக நம் ஹைட்ராத் தீவில் நடக்கும் விழா. இன்னும் ஏழே வாரம். காமினி துறையின் பழைய மரப்படகோ எதிர்க்கரைப் பட்டறையில் பாதிப் பலகையோடு நிற்கிறது. பணம் வந்தால்தான் மீதிப் பலகை ஏறும் என்று தச்சர் சொல்லிவிட்டார். அவரைக் குறை சொல்ல முடியாது, மார்ச்சிலிருந்து கடனுக்குத்தான் வேலை பார்க்கிறார்.

முன்னும் பின்னும் ஒரேபோல் கூம்பிய த்ரெகந்தீரி அது. இந்த வகைப் படகை முதலில் கட்டியது நம் ஹைட்ராதான், 1658-இல், என்பார்கள் பெரியவர்கள். நெப்போலியன் காலத்தில் ஆங்கிலேயரின் கடல் முற்றுகைக்குள் புகுந்து தானியம் விற்றுத்தான் துறைமுகத்தைச் சுற்றியுள்ள கல்மாளிகைகள் எழுந்தன. 1821-இல் துருக்கியரை எதிர்த்துக் கிரேக்க விடுதலைப் போர் மூண்டதும், தானியம் ஏற்றிய அந்தக் கப்பல்களே போருக்குப் போயின. மியாவுலிஸ் கடற்படையை நடத்தினார். நம் தீவின் கப்பல் முதலாளி லாசரோஸ் கூந்தூரியோட்டிஸ் தன் சொத்தில் பெரும்பகுதியைப் போருக்குக் கொடுத்தார். அவர் யாரிடமும் தவணை கேட்கவில்லை. பிறகு நீராவிக் கப்பல் வந்தது, பாய்மரம் போயிற்று, நம் ஆட்கள் கடற்பஞ்சு எடுக்கக் கடலடிக்குப் போனார்கள். இன்று ஏதென்ஸின் துறைமுகமான பிரேயுஸிலிருந்து வரும் விரைவுப் படகும் வெளியூர் உல்லாசப் படகுகளும்தான் துறையை நிறைக்கின்றன. கார் இல்லாத ஊர் என்பதால் சிமெண்டு மூட்டை முதல் குளிர்பதனப் பெட்டி வரை இன்றும் கோவேறு கழுதை முதுகில்தான் மேடேறுகிறது.

மீன்பிடிப் படகுகளைக் குறைக்க ஐரோப்பிய ஒன்றியம் கொடுத்த பணத்துக்காக, கிரேக்கத்தில் 10,000-க்கும் மேற்பட்ட மரப்படகுகள் நொறுக்கப்பட்டன. நம் படகு தப்பியதே கடலோடிகளின் காவலர் புனித நிக்கோலாஸ் அருள். மியாவுலியாவில் எதிரிக் கப்பலாக எரிக்க ஒரு படகு, காப்பாற்ற ஒரு படகா என்று சிலர் கேலி செய்கிறார்கள். எரிப்பது விழாவுக்கென்று செய்வது. இது நம் தாத்தாக்கள் வலை இழுத்தது.

கணக்கு இதுதான்: பலகையும் வங்கும் (படகின் விலாச்சட்டம்) 6,200 யூரோ, கலப்பத்து (பலகை இடுக்கு அடைப்பது) 1,900, இயந்திரம் 4,500, வண்ணம் 800, இழுத்துப்போய்க் கொண்டுவர 1,200. மொத்தம் 14,600. வந்தது 9,150. குறைவது 5,450.

கொடுத்தவர்களுக்கு எப்படி நன்றி சொல்வது! ஒரு நாள் கூலியை அப்படியே உண்டியலில் போட்ட கழுதைக்காரர்களுக்கு, ஞாயிற்றுக்கிழமைகளில் வந்து பழைய வண்ணத்தைச் சுரண்டிய கடல்சார் கல்லூரி மாணவர்களுக்கு, கணவர் நினைவாக 300 யூரோ கொடுத்து “பேர் போடாதீங்க” என்ற பாட்டிக்கு, ஆஸ்திரேலியாவிலிருந்து இரண்டு முறை அனுப்பிய குடும்பத்துக்கு, கயிறும் ஆணியும் இலவசமாகத் தந்த கடைக்காரருக்கு. கடவுள் உங்கள் வீட்டை நிறைக்கட்டும்.

அப்புறம், ஜனவரியில் பட்டியலில் பெயர் எழுதிய 23 பேர் இன்னும் பணம் தரவில்லை. யார் யார் என்று இங்கே எழுதப்போவதில்லை. பட்டியல் தேவாலய வாசலில்தான் தொங்குகிறது, எல்லோரும் படிக்கிறார்கள்.

பெரிய வெள்ளி இரவு, காமினியில் இயேசுவின் திருவுடல் பாடையை இடுப்பளவு தண்ணீருக்குள் சுமந்து போனபோது, விளக்கோடு நம் படகு நிற்கும் இடம் இருட்டாகக் கிடந்ததைப் பார்த்தீர்கள் அல்லவா? வருத்தப்பட்டவர்கள் நிறைய. மறுநாள் பணத்தோடு வந்தவர்கள் இரண்டு பேர்.

மே 31-க்குள் கொடுங்கள். பத்து யூரோவும் பணம்தான். தினமும் மாலை ஆறிலிருந்து ஒன்பது வரை காமினி தேவாலயத்தில் குழுவினர் இருப்பார்கள். ரசீது வாங்காமல் போகாதீர்கள், போன முறை வந்த சச்சரவு போதும்.

படகுச் சீரமைப்புக் குழு