மிகுபுனைவு எழுத்தாளர் வட்டம்: செயலாளரின் ஆண்டறிக்கை

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களுக்கும் செயற்குழுவினருக்கும், வருகை தந்துள்ள உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

இவ்வாண்டு நான்கு வாசிப்புக் கூட்டங்கள் நடைபெற்றன. ஆண்டு மலர் வழக்கம்போல் தாமதமாக வெளிவந்தது. நூலகப் பொறுப்பாளர் மாறினார். இரவல் போன நூல்கள் மட்டும் திரும்பவில்லை.

இனி, சிலர் என்னிடம் நேரிலும் பலர் எனக்குத் தெரியாமலும் பேசிவரும் செவிக்கல் விவகாரத்துக்கு வருகிறேன். நாம் அனைவரும் பொதுவாக எழுதிவரும் கற்பனை உலகில் செவிக்கல் என்னும் மந்திரக் கனிமம் உண்டு என்பதும், அது தன்னருகே பேசப்படும் சொற்களை உள்வாங்கிக்கொண்டு சூடேற்றும்போது திருப்பிச் சொல்லும் என்பதும், அது கிடைத்தற்கரியது என்பதும் நாம் ஒருமனதாக நிறைவேற்றிய தீர்மானத்தில் உள்ளவை. ஆனால் இவ்வாண்டு வாசிக்கப்பட்ட கதைகளை அடுக்கிப் பார்த்தால், ஒன்றில் அரண்மனை முற்றம் முழுவதும் செவிக்கல் பாவப்பட்டிருக்கிறது. இன்னொன்றில் அது காய்ச்சலைத் தீர்க்கிறது. மற்றொன்றில் நாயகன் அதை எதிரியின் மண்டையில் எறிந்து கொல்கிறான். அதற்கு எந்தக் கல்லும் போதுமே. இதைப் பார்த்த பிறகுதான் கனிமக் கையேடு ஒன்றைத் தொகுக்கும் பொறுப்பை நானே எடுத்துக்கொண்டேன். செயற்குழுவின் முன்அனுமதி பெறவில்லை என்ற குற்றச்சாட்டு உண்மையே. அந்த மாதங்களில் அனுமதி தரப் போதுமான எண்ணிக்கையில் செயற்குழு ஒருமுறைகூடக் கூடவில்லை என்பதும் அதே அளவுக்கு உண்மை.

ஒரு கனிமம் ஏன் அரிதாகிறது என்பதிலிருந்து கையேடு தொடங்குகிறது. அறிவியல் இதுவரை அங்கீகரித்துள்ள ஏறத்தாழ 6,000 கனிமங்களில் பெரும்பகுதி விரல்விட்டு எண்ணத்தக்க இடங்களில் மட்டுமே கிடைப்பவை. பெயினைட் என்னும் கனிமம் அரிதானதற்குக் காரணம், அதில் சேர்ந்திருக்கும் போரானும் சிர்க்கோனியமும் இயற்கையில் எளிதில் ஒன்றுகூடாதவை என்பதே. மியான்மரின் மோகோக் பகுதியில் கிடைத்த கியாவ்தூயைட் என்ற கனிமத்துக்கோ 1.61 காரட் எடையுள்ள ஒரே ஒரு மாதிரிதான் அறியப்பட்டிருக்கிறது. மனோசிலை என்னும் செந்நிறக் கனிமம் வேறு வகை: அது கிடைக்கும், ஆனால் வெளிச்சத்தில் வைத்தால் நாளடைவில் மஞ்சள் பொடியாக உதிர்ந்துவிடும். இவற்றையெல்லாம் எண்ணிப் பார்த்து, செவிக்கல் எரிமலை வாயின் விளிம்பில் மட்டும் படிவது என்றும் முதல் மழையிலேயே கரைந்துபோவது என்றும் வகுத்திருக்கிறேன். மழைக்கு முன் மலையேறத் துணிபவர் யார் என்பதில் கதை தானாகவே தொடங்கிவிடும் என்பது என் எண்ணம்.

கல்லின் குற்றங்களுக்கும் ஓர் அதிகாரம் ஒதுக்கினேன். சிலப்பதிகாரத்தின் ஊர்காண் காதை காகபாதம், களங்கம், விந்து, ஏகை என்று வயிரத்தின் குற்றங்களைப் பெயர் சொல்லியே பேசுகிறது. நம் கதைகளில் வரும் மணி வணிகர் எவரும் செவிக்கல்லை ஒருமுறை திருப்பிப் பார்த்துக்கூட வாங்குவதில்லை. ஆகவே சொல் பாதியில் நின்று நின்று வரும் கல்லுக்குத் ‘திக்கல்’ என்றும், ஒருவர் குரலில் மற்றவர் குரல் கலந்து வரும் கல்லுக்கு ‘ஒட்டுக்குரல்’ என்றும் பெயரிட்டுள்ளேன். இவற்றைப் பயன்படுத்த என் அனுமதி வேண்டியதில்லை.

கையேட்டின் மையமான விதி, செவிக்கல் தான் கேட்டதை ஒரே ஒருமுறைதான் திருப்பிச் சொல்லும் என்பது. இது கதைக்கு உதவாத கெடுபிடி என்று ஓர் உறுப்பினர் எழுதியிருந்தார். இது நான் வலிந்து புனைந்த விதியன்று. புளூரைட் என்னும் கனிமத்தின் பல வகைகள், மண்ணுக்குள் கிடந்த காலமெல்லாம் சுற்றுப்புறக் கதிரியக்கத்திலிருந்து பெற்ற ஆற்றலைப் படிகத்துக்குள் தேக்கி வைத்திருந்து, இருட்டில் சூடேற்றும்போது ஒளியாக வெளியிடுகின்றன. தேக்கியது தீர்ந்தபின் அதே துண்டை எத்தனை முறை சூடாக்கினாலும், மறுபடி கதிர்வீச்சுக்கு ஆட்படும்வரை அந்த ஒளி வருவதில்லை. பழைய மட்பாண்டங்களின் வயதைக் கணிப்பதும் இதே தத்துவத்தில்தான். இதை நேரில் காட்டுவதற்காகவே புளூரைட் துண்டுகளும் ஒரு சூட்டுத்தட்டும் வட்டத்தின் நிதியில் வாங்கப்பட்டன. மூன்றாம் கூட்டத்தில் விளக்கையணைத்துச் சூடேற்றியபோது நீலமும் ஊதாவுமாக ஒளி எழுந்து, மெல்ல மங்கி அணைந்தது. இரண்டு துண்டுகள் வெடித்துத் தெறித்ததில் மேசை விரிப்பில் ஏற்பட்ட சிறு துளைகளுக்கு நானே பொறுப்பேற்கிறேன். அதைக் காண வந்தவர்கள், என்னையும் சேர்த்து, ஐவர். வராதவர்கள் பின்னர் மறுபடியும் காட்டுமாறு கேட்டார்கள். அந்தத் துண்டுகளைக் கொண்டு அது முடியாது என்பதை மேலே விளக்கியிருக்கிறேன்.

வரவு செலவு பற்றி: வரவு எதிர்பார்த்ததைவிடக் குறைவு, செலவு எதிர்பார்த்ததைவிடச் சற்றே அதிகம், இருப்பு மலர் அச்சகத்தின் பாக்கியைத் தீர்க்கப் போதுமானது. விவரம் பொருளாளரிடம் உள்ளது. சந்தா செலுத்தாதவர்களின் பட்டியலை வாசிக்க வேண்டாம் என்று தலைவர் கேட்டுக்கொண்டதால் வாசிக்கவில்லை. குடிகளிடம் செவிக்கல்லையே வரியாக வாங்கும் கொடுங்கோல் மன்னனைப் படைத்தவர் இரண்டாண்டுச் சந்தா பாக்கி வைத்திருக்கிறார் என்பதை மட்டும் பெயர் சொல்லாமல் குறிப்பிடுகிறேன்.

தலைவர், பொருளாளர், மலர்க் குழுவினர், இடம் தந்து உதவியவர்கள், தேநீர் ஏற்பாடு செய்தவர்கள் அனைவருக்கும் நன்றி.

வரும் ஆண்டில் கையேட்டை அச்சிட எண்ணியிருக்கிறேன். சந்தா வந்தால் அச்சு, வராவிட்டால் நகல். செயலாளர் பொறுப்பை வேறு யாரேனும் ஏற்க முன்வந்தால் மகிழ்ச்சியுடன் ஒப்படைப்பேன் என்று சென்ற ஆண்டும் சொன்னேன். சூடேற்றாத புளூரைட் துண்டுகள் இன்னும் இரண்டு என்வசம் உள்ளன. அடுத்த கூட்டத்துக்குக் குறைந்தது பாதி உறுப்பினராவது வந்தால் அவற்றில் ஒன்றைச் சூடேற்றுகிறேன்.

இப்படிக்கு,
செயலாளர்