நோர்வூட்டுக்கும் ஒரு நாள் எழுதுங்கள்: இசை நிகழ்ச்சி ஏற்பாட்டாளர்களுக்குத் திறந்த மடல்

கொழும்பில் வெளிநாட்டு ரொக் குழுக்களை மேடையேற்றும் நிறுவனத்தாருக்கு வணக்கம்.

ஹட்டன் பக்கத்துத் தோட்டங்களில் கோயில் திருவிழாவுக்கும் கலியாண வீட்டுக்கும் ஸ்பீக்கர் கட்டுவது என் தொழில். ஆகவே இதை ஒரு ரசிகனின் ஆசைக் கடிதமாக மட்டும் படிக்க வேண்டாம். தெற்காசியாவுக்கு வரும் குழுவொன்றோடு கொழும்புக்கு ஒப்பந்தம் எழுதும்போது, அதே தாளில் மலையகத்தில், ஹட்டன் பக்கத்து நோர்வூட் போன்ற ஓர் ஊரில், இன்னொரு நாளையும் சேர்த்து எழுதுங்கள். கேட்பது இவ்வளவுதான்.

பெரிய குழுக்கள் ஏன் எங்கள் பக்கம் வருவதில்லை என்று எனக்குப் புரியாமல் இல்லை. ஐரோப்பாவில் ராத்திரி நிகழ்ச்சி முடிந்ததும் மேடையைப் பிரித்து லொறிகளில் ஏற்றினால், விடியும்போது அடுத்த ஊரில் இறக்கிவிடலாம். ஆசியாவில் ஊருக்கு ஊர் நடுவே கடலோ எல்லையோ குறுக்கே நிற்கிறது. ஒவ்வொரு பெட்டியும் விமானம் ஏறி, சுங்கத்தில் கணக்குக் காட்டி, திரும்பவும் விமானம் ஏற வேண்டும். 2008இல் அயன் மெய்டன் குழு ஒரு போயிங் 757 விமானத்தைத் திருத்தி, ஆட்களையும் 12 தொன் கருவிகளையும் அதிலேயே ஏற்றிக்கொண்டு கிளம்பியது. ஓட்டியவர் அந்தக் குழுவின் பாடகர் புரூஸ் டிக்கின்சன். மும்பையில் தொடங்கி 45 நாட்களில் 23 நிகழ்ச்சிகள். பாடகரே விமானம் ஓட்டினால்தான் கணக்கு சரிவரும் என்றால், நீங்கள் கொழும்பு வரைக்கும் கொண்டுவருவதே பெரிய காரியம்தான்.

ஆனால் கொழும்புக்கு வந்த பிறகு கடக்கக் கடல் எதுவும் இல்லை. அவிசாவளை, கினிகத்தேனை வழியாக ஹட்டன் வரும் ஏ7 வீதி மட்டும்தான். வளைவுகள் உண்டு, மறுக்கவில்லை. எங்கள் தேயிலைத் தூளைக் கொழும்பு ஏலத்துக்கு இறக்கும் லொறிகளும் அதே வளைவுகளில்தான் போய் வருகின்றன. ராட்சதத் திரைகளையும் கொள்கலன் கணக்கில் வரும் விளக்குகளையும் கொழும்பிலேயே வைத்துவிடுங்கள். டிரம்ஸ், கிட்டார், ஆம்ப், ஒரு நல்ல மிக்சர், அதை இயக்கத் தெரிந்த ஒருவர் போதும். ஸ்பீக்கர் பெட்டிகள் இங்கேயே இருக்கின்றன. இரண்டு ஜெனரேட்டர் வையுங்கள், ஒன்று சும்மா நின்றாலும் பரவாயில்லை. வயர் இணைப்புகளைத் தரையில் போடாமல் உயர்த்திக் கட்டுங்கள். மாலை மூடுபனி இறங்கினால் மழை இல்லாமலே எல்லாம் நனையும்.

இடம் இல்லை என்பீர்கள். 2017 மே 12ஆம் திகதி இந்தியப் பிரதமர் மோடி நோர்வூட் மைதானத்தில்தான் பேசினார். தோட்டம் தோட்டமாக ஜனம் வந்து குவிந்தது. மேடை, ஒலி, பாதுகாப்பு, வாகனத் தரிப்பு எல்லாமே அன்றைக்கு இங்கே முடிந்தது. பேச்சுக்கு முடிந்தது பாட்டுக்கு முடியாதா? நுவரெலியாவில் ஏப்ரல் சீசனுக்கு வருடாவருடம் மேடை போடுகிறார்கள். அது பெரும்பாலும் கீழ்நாட்டிலிருந்து குளிரை அனுபவிக்க வருகிறவர்களுக்கானது என்பது வேறு கதை.

எங்கள் பிள்ளைகள் இந்த இசையைக் கேட்பார்களா என்று சந்தேகப்பட வேண்டாம். மலைக்கும் ரொக்குக்கும் ஒட்டாது என்பவர்கள், 2001இல் கண்டியிலிருந்து கிளம்பிய பரனோய்ட் எர்த்லிங் குழுவைக் கேட்டுவிட்டு வரட்டும். தோட்டத்து லயன் வீடுகளில் இருக்கும் பையன்கள் கைபேசியில் பார்த்தே கிட்டார் பழகுகிறார்கள். கொழும்பில் கடைவேலைக்குப் போன எங்கள் பிள்ளைகளில் சிலர் உங்கள் மேடைக்கு இரும்புக் குழாய் தூக்கவும் வருகிறார்கள். கூட்டம் உள்ளே வரும் நேரத்தில் அவர்கள் வேலியின் மறுபக்கம் நிற்கிறார்கள். இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். தொடக்கத்தில் பத்து நிமிடம் எங்களைத் தப்பு மேளம் அடிக்க விட்டு, கழுத்தில் மாலை போட்டுப் படம் எடுத்துவிட்டால் மலையகத்தைச் சேர்த்துக்கொண்டதாக ஆகிவிடும் என்று நினைக்காதீர்கள். தப்பு மேளம் எங்களுக்குத் தெரியும். நீங்கள் கொண்டுவரும் குழுவின் டிரம்மரைப் பக்கத்தில் நின்று பார்க்கத்தான் ஆசை.

கொழும்புக்கே வாருங்களேன் என்பது சுலபம். மலைக்கு வரும் இரவு அஞ்சல் ரயில் கொழும்புக் கோட்டை நிலையத்திலிருந்து வழக்கமாகக் கிளம்பி வந்த நேரத்தில்தான் உங்கள் மேடையில் முக்கியமான குழு ஏறும். 2025 நவம்பரில் வந்த டித்வா புயலில் அந்த மலை ரயில் பாதை என்ன பாடுபட்டது என்று நாடே பார்த்தது. ரயிலும் பஸ்ஸும் போன பிறகு, ஒரு பெண் பிள்ளை தனியாக எங்கே விடியும்வரை உட்காருவாள்? 2025 ஜனவரியில் கோல்ட்பிளே குழு அகமதாபாத்தில் இரண்டு இரவு பாடியபோது, மேற்கு ரயில்வே மும்பையிலிருந்து சிறப்பு ரயில்கள் விட்டது. மெட்ரோவின் நேரத்தையும் நீட்டினார்கள். இங்கேயும் சிவனொளிபாதமலை யாத்திரை சீசனுக்கு ஹட்டனில் ராத்திரி முழுக்க பஸ் ஓடுகிறது. நோர்வூட்டில் நிகழ்ச்சி வைத்தால் பொகவந்தலாவைக்கும் மஸ்கெலியாவுக்கும் டிக்கோயாவுக்கும் நாலைந்து பஸ் பேசினால் தீர்ந்துவிடும்.

டிக்கெட் விலையைப் பற்றிப் பேசாமல் முடியாது. தோட்டத் தொழிலாளிக்கு 2024இல் வர்த்தமானியில் வந்த அடிப்படை நாட்சம்பளம் 1,350 ரூபா. அதற்குப் பிறகு கொஞ்சம் கூட்டினாலும், கொழும்பு டிக்கெட் விலையின் பக்கத்தில் அது நிற்காது. நின்று பார்க்கும் டிக்கெட் ஒரு நாட்சம்பளத்தைத் தாண்டக் கூடாது. இலவசமாக வேண்டாம். இலவசம் என்றால் அரசியல்வாதிகள் முன்வரிசைக்கு வந்துவிடுவார்கள், பிறகு பாட்டுக்கு நேரம் இருக்காது. முன்னால் சோபா போட்டு விஐபிக் கூண்டு கட்டும் பழக்கத்தையும் கொழும்போடு நிறுத்துங்கள்.

திகதி குறிக்கும்போது மழையைக் கேட்டுக் குறியுங்கள். மே முதல் செப்டெம்பர் வரை தென்மேற்குப் பருவம் எங்களுக்கு. அந்த மாதங்களில்தான் வர முடியும் என்றால் பண்டாரவளைக்கோ பதுளைக்கோ போங்கள், ஊவாப் பக்கம் அப்போது காய்ந்திருக்கும். ஹட்டன் பக்கத்துக்கு ஜனவரி கடைசியிலிருந்து மார்ச் வரை நல்லது. அதிலும் பௌர்ணமியை ஒட்டிய வார இறுதி வேண்டாம், யாத்திரை வாகனங்களில் நோர்வூட் வீதி நகராது. சாதாரண தரப் பரீட்சை நடக்கும் வாரம் வேண்டவே வேண்டாம். ஒலிபெருக்கிக்குப் பொலிஸ் அனுமதி பொதுவாகப் பத்து மணியோடு முடியும், ஆகவே நாலு மணிக்கே முதல் குழுவை ஏற்றிவிடுங்கள். தைப்பூசத்தன்றும் வைத்துவிடாதீர்கள். அன்றைக்கு இந்தப் பக்கத்து ஸ்பீக்கர் பெட்டி எல்லாம் கோயில்களில் இருக்கும், என்னுடையதும்தான்.

இப்படிக்கு,
ஹட்டன் பக்கத்து ஸ்பீக்கர்காரன்