பிள்ளைகளுக்கு ஒரு ரேட்டிங் போட்டி நடத்துங்கள்

கோலாலம்பூர், பினாங்கு வட்டாரத் தமிழ்ப்பள்ளித் தலைமையாசிரியர்களே, பெற்றோர் ஆசிரியர் சங்கப் பொறுப்பாளர்களே, ஆண்டுதோறும் சதுரங்கப் போட்டி நடத்தும் இயக்கத்தினரே, வணக்கம்.

உங்கள் போட்டிகளுக்கு நடுவர்களாகவும் உங்கள் பிள்ளைகளுக்குப் பயிற்றுநர்களாகவும் வருகிறவர்கள் நாங்கள். எங்கள் கோரிக்கை ஒன்றுதான். ஆண்டுக்கு ஒரு போட்டியையாவது உலகச் சதுரங்கச் சம்மேளனமான ஃபிடேயின் ரேட்டிங் போட்டியாக நடத்துங்கள். அதாவது, ஆட்ட முடிவுகள் ஃபிடேயில் பதிவாகி, ஆடுபவரின் திறனைக் காட்டும் எண்ணான ரேட்டிங்கில் சேரும் போட்டியாக.

இப்போதைய வழக்கம் உங்களுக்கே தெரியும். ஒரு சனிக்கிழமை, ஏழு சுற்று, ஆளுக்குப் பதினைந்து நிமிடம், மாலையில் கோப்பை. பிள்ளைகள் மகிழ்ச்சியோடுதான் வீடு திரும்புகிறார்கள். ஆனால் அந்த ஏழு ஆட்டங்களும் எந்த ஏட்டிலும் ஏறுவதில்லை. மாவட்ட, மாநில அளவிலான பள்ளிப் போட்டிகள் புறப்பாடப் புள்ளிக்கு உதவும், அதை நாங்கள் குறைத்துச் சொல்லவில்லை. சதுரங்கப் பட்டத்துக்கான கணக்கு வேறு.

குகேஷ் 2024 டிசம்பரில் பக்கத்துச் சிங்கப்பூரில் உலக வாகையர் ஆனதிலிருந்து, கிராண்ட்மாஸ்டர் ஆவது எப்படி என்று பெற்றோர் எங்களிடம் கேட்கிறார்கள். கேண்டிடேட் மாஸ்டருக்கு 2200, ஃபிடே மாஸ்டருக்கு 2300 ரேட்டிங்கைத் தொட வேண்டும். இன்டர்நேஷனல் மாஸ்டருக்கு 2400, கிராண்ட்மாஸ்டருக்கு 2500. இந்த இரண்டுக்கும் ரேட்டிங்கோடு நார்ம்களும் வேண்டும், அவை சேர்ந்து குறைந்தது 27 ஆட்டங்கள் ஆக வேண்டும். கிராண்ட்மாஸ்டர் நார்ம் என்பது பொதுவாக ஒன்பது சுற்றுப் போட்டியில் 2600 அளவுக்கு ஆடிக்காட்டுவது. எதிராளிகளில் மூவராவது கிராண்ட்மாஸ்டர்களாக இருக்க வேண்டும். 2500-ஐ ஒருமுறை தொட்டுவிட்டால் போதும், பிறகு இறங்கினாலும் பட்டம் போகாது. பெண்களுக்கெனத் தனிப் பட்டங்கள் 2000-இலிருந்து தொடங்குகின்றன. பொதுப் பட்டங்களும் பெண்களுக்கு உண்டு: இந்திய வீராங்கனை வைஷாலி 2023-இல் எட்டியது பொதுவான கிராண்ட்மாஸ்டர் தகுதியைத்தான்.

இவை எல்லாமே நெடுநேர ஆட்ட ரேட்டிங்கை வைத்துத்தான். பதினைந்து நிமிட ஆட்டத்தைப் பதிவு செய்தாலும் அது விரைவு ஆட்ட ரேட்டிங்கில் சேரும், பட்டத்துக்கு உதவாது. இணையத்தில் கிடைக்கும் ‘அரீனா’ பட்டங்களும் வேறு. அரீனா கிராண்ட்மாஸ்டருக்கு 2000 இணைய ரேட்டிங் போதும். அதைப் பெற்ற பிள்ளைக்குப் பள்ளி வாசலில் ‘கிராண்ட்மாஸ்டர்’ என்று பதாகை கட்டாதீர்கள். விவரம் தெரிந்த எதிராளி நாளை முகத்துக்கு நேரே திருத்தும்போது வாடிப்போவது அந்தப் பிள்ளைதான்.

ஏன் பள்ளிப் பருவத்திலேயே? 18 வயது நிறையும் ஆண்டின் இறுதிவரை, 2300-க்குக் கீழே இருப்பவர்களுக்கு ரேட்டிங் மாற்றத்தின் பெருக்கல் எண் 40. அதாவது தனக்குச் சமமானவரை வென்றால் 20 புள்ளி ஏறும். அந்த வயது தாண்டி, ரேட்டிங் கணக்கில் முப்பது ஆட்டங்களும் முடித்தவருக்கு அதே வெற்றி பத்துப் புள்ளிதான் தரும். ஐந்தாம் படிவத் தேர்வான எஸ்.பி.எம். வருகிறது என்று நான்காம் படிவத்தில் பலகையை எடுத்து வைக்கிறோமே, ரேட்டிங் மிக வேகமாக ஏறக்கூடிய கடைசி ஆண்டுகள் அவை. இந்தியாவின் முதல் இன்டர்நேஷனல் மாஸ்டர் மானுவல் ஆரோன், 1961-இல். முதல் கிராண்ட்மாஸ்டர் ஆனந்த், 1988-இல். இடையில் 27 ஆண்டுகள். குகேஷோ 2019-இல் 12 வயது 7 மாதத்தில் கிராண்ட்மாஸ்டர். மூவருமே சென்னைக்காரர்கள். பதிவான ஆட்டங்கள் சிறுவயதிலேயே குவியாமல் இந்த வேகம் வாய்க்காது.

இனி, நடத்தும் முறை. முதல் ரேட்டிங் கிடைக்க, ஏற்கெனவே ரேட்டிங் உள்ளவர்களோடு ஐந்து ஆட்டங்களாவது ஆடியிருக்க வேண்டும். முதல் போட்டியில் அரைப்புள்ளியாவது எடுக்க வேண்டும். கணக்கின் முடிவு 1400-க்குக் குறைந்தால் ரேட்டிங் வராது. ஆர்வத்தோடு தொடங்கும் பள்ளிகள் சறுக்குவது இங்கேதான். அறுபது பிள்ளைகளைச் சுவிஸ் முறையில் (ஒவ்வொரு சுற்றிலும் ஏறத்தாழ ஒரே புள்ளியில் இருப்பவர்களை மோத விடும் முறை) ஆட வைக்கிறார்கள், அவர்களில் ரேட்டிங் உள்ளவர்கள் மூவர். பதிவுக் கட்டணம் கட்டியும் ஒருவருக்கும் ரேட்டிங் வருவதில்லை.

எங்கள் பரிந்துரை சிறியது. பத்துப் பேர், ஒவ்வொருவரும் மற்ற ஒன்பது பேரோடும் ஆடட்டும். ஐவர் ரேட்டிங் உள்ளவர்கள், ஐவர் இல்லாதவர்கள். அப்போது ரேட்டிங் இல்லாத ஒவ்வொரு பிள்ளைக்கும் தேவையான ஐந்து ஆட்டங்கள் தாமாகவே அமைந்துவிடும். எதிராளிகளின் சராசரி 1500 என்று வையுங்கள். அந்த ஐந்தில் இரண்டு புள்ளி எடுத்தால் முதல் ரேட்டிங் ஏறத்தாழ 1535 வரும். 1800 ரேட்டிங் கொண்ட இரண்டு கற்பனை எதிராளிகளோடு சமன் செய்ததாகவும் சேர்த்தே கணக்கிடுகிறார்கள் என்பதால் இந்த ஏற்றம். ஒரு பள்ளியில் ஐந்து பேர் தேறாவிட்டால் மூன்று பள்ளிகள் சேரலாம், முன்னாள் மாணவர்களை அழைக்கலாம்.

எல்லாரும் 1800-க்குக் கீழே என்றால் ஆளுக்கு 45 நிமிடம், நகர்வுக்கு 15 விநாடி கூடுதல். நாளுக்கு மூன்று சுற்று, மூன்று சனிக்கிழமையில் ஒன்பது சுற்றும் முடியும். 1800-ஐ எட்டிய ஒருவர் வந்தாலும் 60 நிமிடம், 30 விநாடி என்று மாற்ற வேண்டும், அப்போது மூன்று சுற்றை ஒரு நாளில் அடக்குவது பிள்ளைகளுக்குக் கடினம். ஐந்து பலகை, விநாடி கூட்டும் டிஜிட்டல் கடிகாரம் ஆறு (ஒன்று கைவசம்), 45 ஆட்டங்களுக்கு 90 நகர்வுத் தாள். பழைய முள் கடிகாரம் ஆகாது. போட்டியைத் தொடங்கும் முன்பே தேசியச் சம்மேளனம் வழியாக ஃபிடேயில் பதிந்திருக்க வேண்டும். ஆடி முடித்த பிறகு பதிய முடியாது. உரிமம் பெற்ற நடுவரும் தேவை.

பெயர் விஷயத்தில் மிகுந்த கவனம் வேண்டும். ஃபிடே பதிவில் குடும்பப் பெயர், காற்புள்ளி, பிறகு சொந்தப் பெயர். நமக்குக் குடும்பப் பெயர் இல்லை. ஓரிடத்தில் அப்பா பெயர் முன்னால், இன்னோரிடத்தில் பின்னால், வேறோரிடத்தில் ‘ஏ/எல்’ (மகன்), ‘ஏ/பி’ (மகள்) சேர்த்து என்று பதிந்து, ஒரே பிள்ளைக்கு இரண்டு ஃபிடே எண்கள் வந்துவிடுகின்றன. ஆட்டங்கள் இரண்டாகச் சிதறுகின்றன. புதிய எண் கேட்பதற்கு முன் பிறந்த ஆண்டோடு சேர்த்துத் தேடிப் பாருங்கள். கிடைத்த எண்ணைப் பள்ளிப் பதிவேட்டில் எழுதி வையுங்கள்.

விதிகளையும் முன்கூட்டியே சொல்லிக் கொடுங்கள். கோட்டை கட்டும்போது ராஜாவைத்தான் முதலில் தொட வேண்டும். கடைசிக் கட்டத்தை எட்டிய சிப்பாயை ராணியாக்கும்போது, யானையைத் தலைகீழாக வைத்தால் அது ராணி ஆகாது, யானைதான். நடுவரிடம் ராணி கேட்கக் கடிகாரத்தை நிறுத்தலாம் என்பது பல பிள்ளைகளுக்குத் தெரிவதில்லை. விதிமீறிய நகர்வுக்கு முதல் முறை எதிராளிக்கு இரண்டு நிமிடம் கூடும், இரண்டாம் முறை ஆட்டமே போகும். சட்டைப்பையில் கைப்பேசி இருந்தாலும் தோல்விதான்.

அடுத்த சங்கக் கூட்டத்தில் இதைப் பேசுங்கள். எங்களுக்கு முதலில் தேவைப்படுவது ஆடும் பிள்ளைகளின் பட்டியல்: மைகிட் அடையாள அட்டையில் உள்ளபடி முழுப்பெயர், பிறந்த தேதி, ஃபிடே எண் இருந்தால் அது. மூன்று சனிக்கிழமைகளுக்கு மின்விசிறி ஓடும் ஒரு வகுப்பறையும் வேண்டும். நடுவர் வேலையை நாங்கள் பார்த்துக்கொள்கிறோம்.

அன்புடன்,
கோலாலம்பூர், பினாங்கைச் சேர்ந்த சதுரங்கப் பயிற்றுநர்கள், நடுவர்கள் சிலர்