வவுனியா ஓடுபாதைக்கு ஒரு தகவல் பலகை

ஆசிரியர் அவர்களுக்கு,

வடக்கில் விமான நிலையம் என்றதும், 2019 இல் சர்வதேச நிலையமாகத் திறக்கப்பட்ட பலாலியையே எல்லோரும் நினைக்கிறோம். ஆனால் 1942 ஏப்ரலில் யப்பானியர் கொழும்பிலும் திருகோணமலையிலும் குண்டுவீசியதன் பின்னர் இலங்கையின் பாதுகாப்பைப் பலப்படுத்திய பிரித்தானிய விமானப்படை, 1943–44 காலப்பகுதியில் இரட்டை இயந்திரங்கள் பூட்டிய ‘பியூபோர்ட்’ ரக டோர்பிடோ விமானங்களுடன் 22 ஆம், 217 ஆம் அணிகளை எங்கள் வவுனியா ஓடுபாதையில்தான் நிறுத்தியிருந்தது. குளங்களைத் தவிர வேறு நீர்ப்பரப்பே தெரியாத ஊரில் கப்பல் தகர்க்கும் விமானங்கள்! இன்று அவ்விடம் விமானப்படைத் தளம். முட்கம்பி வேலியைப் பஸ்ஸில் கடந்தபோது, உள்ளே என்ன இருக்கிறது என்று என் மகன் கேட்டான். வேலிக்கு வெளியே, வீதியோரத்தில், மும்மொழியிலும் ஒரு தகவல் பலகையை நிறுவ உள்ளூராட்சி மன்றம் ஆவன செய்ய வேண்டும்.

இவ்வண்ணம்,
வாசகர் ஒருவர்,
வவுனியா